காவிரிக் கரையில் யாருக்கு இடம்?

(ஆடிப் பெருக்கை முன்னிட்டுக் காவிரிக்கரை ஊரொன்றில் ஆற்றிய சொற்பொழிவு)



நாடகக்காரனை அழைத்து ஆற்றைப்பற்றிப் பேசு என்கிறீர்கள். கல்லூரிப் படிப்பைப் பாதியிலே உதறிவிட்டு வந்தவன் நான். அணைகட்டும் கணக்கு அறியேன், நிலநூல் கற்றவனல்லன். ஆயினும் இந்தக் காவிரியோடு எனக்கு ஒரு வழக்கு உண்டு. அதை ஊரார் முன்னிலையில் எடுத்துரைக்கலாமென்றே ஒப்புக்கொண்டேன்.

2017ஆம் ஆண்டுக் கோடை. அதற்கு முந்திய ஆண்டு வடகிழக்குப் பருவமழை பொய்த்து, தமிழகம் முழுவதும் வறட்சி என்று அரசே அறிவித்திருந்த நேரம். ஆட்டனத்தி – ஆதிமந்தி கதையை நாடகமாக்கி, ஊர் ஊராக நடத்திக்கொண்டிருந்தோம். கதை உங்களுக்குத் தெரியும். கழார் என்னும் ஊரில் காவிரிப் புதுப்புனல் விழா. கரிகாலன் சுற்றத்தோடு அமர்ந்து பார்க்கிறான். ஆட்டத்தில் வல்ல அத்தி நீரிலே ஆடுகிறான். ஆடியவனை ஆறு அள்ளிக்கொண்டு போகிறது. ஆதிமந்தி கரையெல்லாம் கதறியோடித் தேடுகிறாள். சங்கப் பாட்டிலே பரணர் பேசிய கதை. பாவேந்தர் ‘சேர தாண்டவம்’ என்று நாடகமாக எழுதிய கதை. எங்கள் நாடகத்திலே ஆற்றுக்கு நாங்கள் செய்த ஏற்பாடு, ஒரு நீண்ட நீலத் துணி. இரண்டு தோழர்கள் இருபுறமும் நின்று உதறுவார்கள். துணி அலைபோல் எழும். அத்தி அதற்குள்ளே மறைவான்.

காவிரிக்கரை ஊரொன்றில், காய்ந்து கிடந்த ஆற்று மணலிலேயே மேடை. நாடகம் முடிந்தது. கைத்தட்டல் ஓய்ந்ததும் ஒரு முதியவர் எழுந்துவந்தார்.

“தம்பி! கதை நன்றாக இருக்கிறது. ஒன்று கேட்கிறேன், கோபித்துக்கொள்ளாதே. இந்த ஆற்றிலா ஒருவனை வெள்ளம் அடித்துக்கொண்டு போயிற்று?”

கேட்டார், தோழர்களே! சிறுவர்கள் சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை. பாடம் செய்த வசனம் பல பக்கம் என் நெஞ்சிலிருந்தது. அந்த ஒரு கேள்விக்கு ஒரு வரி விடை இல்லை. நாங்கள் உதறிய நீலத் துணியைவிட அகலமான நீர்ப்பரப்பை அந்த ஆண்டு அந்த ஊர் கண்டதில்லை. மேடைக்குப் பின்னால், விளக்கை அணைத்துக்கொண்டு மணல் லாரிகள் வரிசையாகப் போய்க்கொண்டிருந்தன.

அன்றுமுதல் இந்த ஆற்றை நான் வேறு கண்ணால் பார்க்கத் தொடங்கினேன்.

ஆறு என்றவுடன் நம் மேடைகளிலே என்ன பேசுகிறோம்? பாசனம் பேசுகிறோம், பங்கு பேசுகிறோம், டி.எம்.சி. கணக்குப் பேசுகிறோம். பேசத்தான் வேண்டும். 1892இல் ஓர் ஒப்பந்தம், 1924இல் ஓர் ஒப்பந்தம், 1990இல் நடுவர் மன்றம், 2007இல் இறுதித் தீர்ப்பு, 2018 பிப்ரவரி 16இல் உச்சநீதிமன்றம் சொன்ன 177.25 டி.எம்.சி. இவையெல்லாம் நம் கழனியின் உயிர்க்கணக்கு. அவற்றை இங்குள்ள உழவர்கள் எனக்குச் சொல்லித் தரவேண்டுமேயன்றி, நான் அவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. இன்று நான் பேச விரும்புவது அந்தக் கணக்கிலே எழுதப்படாத ஒன்றை. மனிதன் ஆற்றுக்குக் குளிக்கப் போகிறான், குழந்தையைத் தோளில் வைத்துக்கொண்டு போகிறான், கட்டுச்சோறு எடுத்துக்கொண்டு போகிறான், ஒன்றும் செய்யாமல் மணலிலே உட்கார்ந்து வரப் போகிறான். அந்தப் போக்குக்குப் பெயர் என்ன? அந்த உரிமை யாருக்கு இருந்தது, யாருக்கு இல்லை?

“வெட்டிப் பொழுதுபோக்குக்கெல்லாம் ஒரு பொதுக்கூட்டமா?” என்று கேட்பார்கள். கேட்கட்டும்! நாளெல்லாம் சேற்றிலே நின்றவனுக்கு ஒரு மாலைப்பொழுது கிடைப்பது வெட்டிப் பொழுதன்று.

புனலாட்டு நம் இலக்கியத்திலே சிறிய செய்தியன்று. சிலப்பதிகாரத்தில் கோவலனும் மாதவியும் பிரிந்தது எங்கே? காவிரி கடலோடு கலக்கும் புகாரிலே, இந்திர விழா முடிந்து கடலாடப் போன நாளிலே, யாழிசைத்துப் பாடிய கானல்வரியிலே! விழாவும் விளையாட்டும் இல்லையேல் அந்தக் காப்பியமே நகராது. அந்த மரபின் மிச்சந்தான் ஆடி 18. காப்பரிசி, காதோலை கருகமணி, எலுமிச்சைச் சோறு, புளிச்சோறு, தயிர்ச்சோறு. தஞ்சைத் தரணிச் சிறுவர்கள் தெருவிலே இழுத்துவரும் சின்னஞ்சிறு சப்பரம். எந்த அரசும் ஆணையிட்டு நடத்தியதன்று அது. புதுத்தண்ணீர் வந்தது, மக்கள் மகிழ்ந்தார்கள், அவ்வளவுதான். அந்த விழாவுக்கு ஆறு வராத ஆண்டுகளும் வந்தன. திருவரங்கத்து அம்மா மண்டபப் படித்துறையில் ஆழ்துளைக் கிணற்று நீரைக் குழாயிலே தூவச்செய்து, அதன் கீழே நின்று மக்கள் ஆடிப் பெருக்குக் கொண்டாடினார்கள். ஆற்றங்கரையிலே நின்று குழாயில் குளித்த காட்சியை நான் எழுதி மேடையேற்றியிருந்தால், மிகைப்படுத்துகிறான் என்று விமரிசகர்கள் என்னைத் துரத்தியிருப்பார்கள்.

சற்று மேலே போய்வருவோம், வாருங்கள்.

குடகு மலையிலே, தலைக்காவிரியிலே பிறந்து, ஏறக்குறைய 800 கிலோமீட்டர் நடந்து வருகிறது இந்த ஆறு. ஏமாவதி, கபினி, சிம்சா, அர்க்காவதி, இப்பால் பவானி, நொய்யல், அமராவதி என்று துணைகள் கூடக்கூட 81,155 சதுர கிலோமீட்டர் நிலத்தின் மழை இதிலே சேர்கிறது. மைசூருக்கு அருகே கிருஷ்ணராஜசாகர் அணை. விசுவேசுவரய்யா திட்டமிட்டது, 1911இல் வேலை தொடங்கியது. அணையின் காலடியிலே பிருந்தாவனப் பூங்கா. திவான் மிர்சா இஸ்மாயில் காலத்தில் உருவானது. வண்ண விளக்கும் நீரூற்றும் நிறைந்த அந்தப் பூங்காவை, மைசூர் போகாதவரும் அறிவர். நம் திரைப்படக் காதலர்கள் ஓடிப் பிடித்து விளையாடியதெல்லாம் அங்கேதானே! அங்கிருந்து சிறிது தொலைவில் ரங்கனதிட்டு. பறவையறிஞர் சாலிம் அலி மைசூர் அரசிடம் எடுத்துச்சொல்லி, 1940இல் சரணாலயமானது. நத்தைகுத்தி நாரையும் கூழைக்கடாவும் ஆற்றுத் திட்டுகளிலே குடும்பம் நடத்துகின்றன. அதற்கும் கீழே சிவசமுத்திரம் அருவி. 1902இல் அங்கே மின்சாரம் எடுத்தார்கள். எதற்கு? கரையிலிருந்த குடிசைக்கா? இல்லை, நூறு மைலுக்குக் கொஞ்சம் குறைந்த தொலைவிலிருந்த கோலார் தங்கச் சுரங்கத்துக்கு! ஆற்றின் முதல் வெளிச்சம் தங்கத்தைத் தேடிப் போயிற்று.

பிறகு காடு. இரு மாநில எல்லையிலும் பாறைகளுக்கிடையே காவிரி புகுந்து வரும் அந்த வனம் தனியுலகம். யானை நீர் குடிக்க வரும். நீர்நாய் கூட்டமாக மீன் பிடிக்கும். கருநாடகம் 1987இல் தன் பக்கத்தைச் சரணாலயமாக்கியது. தமிழகம் 2022 நவம்பரில் கிருட்டிணகிரி, தருமபுரி மாவட்டங்களில் 686 சதுர கிலோமீட்டரைக் காவிரி தெற்கு வனவிலங்குச் சரணாலயமாக அறிவித்தது. காலம் கடந்து வந்த அறிவிப்பு, வந்தவரைக்கும் நன்று.

அந்தப் பாறை மடுக்களிலே வாழ்ந்தது மஹசீர் என்ற பெருங்கெண்டை. திமில்போல முதுகு உயர்ந்த இனம், காவிரிப் படுகையைத் தவிர உலகில் வேறெங்கும் இல்லாத இனம். 1946இல் கபினியிலே தூண்டிலில் சிக்கிய ஒன்று 120 பவுண்டு எடையிருந்தது. அதைப் பிடிப்பதற்கென்றே கடல் கடந்து சீமான்கள் வந்தார்கள். பின்னர் மீன் குறைந்தது. குறைந்ததும் என்ன செய்தார்கள்? நல்லெண்ணத்தோடுதான் செய்தார்கள். வேறிடத்து இனமாகிய நீலத்துடுப்பு மஹசீரின் குஞ்சுகளை வளர்த்துக் கொண்டுவந்து ஆற்றிலே விட்டார்கள். வந்தது பெருகிற்று, சொந்த வீட்டுக்காரன் ஒடுங்கினான்! 2018இல் உலகச் செம்பட்டியலில், அழிவின் விளிம்பிலுள்ள இனமென்று அந்தத் திமில் மீன் எழுதப்பட்டது. விளையாட்டுக்காக ஆற்றை நிரப்பப் போய், ஆற்றின் பிள்ளையையே வெளியேற்றிவிட்டார்கள்.

ஒகேனக்கல். பரிசலில் போயிருப்பீர்கள். மூங்கிலைப் பின்னி, அடியிலே தோலோ தார்ச்சீலையோ கட்டி, ஒற்றைத் துடுப்பிலே அந்தச் சுழலைத் தாண்டுகிறானே பரிசல்காரன், அவனிடம் கேளுங்கள், ஆண்டிலே எத்தனை நாள் வேலை என்று. வெள்ளம் வந்தால் பரிசலுக்குத் தடை. வறண்டால் பரிசலே தேவையில்லை. இரண்டுக்கும் நடுவிலே ஓடுகிற நீர்தான் அவனுக்குச் சோறு. பயணி ‘ஆகா’ என்று அருவியைப் பார்க்கிறான். பரிசல்காரன் வானத்தைப் பார்க்கிறான்.

இனி மேட்டூர். இங்கே நான் கொஞ்சம் நின்றுதான் போவேன்.

1924ஆம் ஆண்டு ஜூலைப் பெருவெள்ளத்தைப் பற்றித் தாத்தாக்கள் சொன்னதை நம் தந்தையர் கேட்டிருப்பர். கரை உடைந்து தஞ்சைத் தரணி தத்தளித்தது. பல்லாண்டாகக் காகிதத்திலே கிடந்த மேட்டூர்த் திட்டம், அடுத்த ஆண்டு, 1925இல், மண்ணுக்கு வந்தது. ஒன்பதாண்டு உழைப்பு. 5,300 அடி நீளம், 120 அடி நீர்மட்டம், 93.47 டி.எம்.சி. கொள்ளளவு. 1934 ஆகஸ்ட் 21இல் திறந்தபோது, கவர்னர் ஸ்டான்லியின் பெயரை நீர்த்தேக்கத்துக்கு இட்டார்கள். கல் சுமந்தவன் பெயரை எந்தத் தேக்கத்துக்கும் இடுவதில்லை. அது வழக்கமில்லை போலும்!

அணைக்குக் கீழே பூங்கா. ஞாயிற்றுக்கிழமை போய்ப் பாருங்கள்: விசைத்தறித் தொழிலாளி, செங்கற்சூளைத் தொழிலாளி, குடும்பம் குடும்பமாக வந்து, ஆற்றில் குளித்து, வறுத்த மீன் தின்று, குழந்தையை ஊஞ்சலாட்டிவிட்டு மாலை பேருந்தில் திரும்புகிறார்கள். எனக்குப் பிருந்தாவனத்து வண்ண ஊற்றைவிட இந்தக் காட்சி அழகு. ஆனால் அணைக்கு மேலே? தேக்கத்துக்கு அடியிலே ஊர்கள் கிடக்கின்றன. நீர் இறங்குகிற ஆண்டுகளில் பண்ணவாடிப் பக்கம் சலகண்டேசுவரர் கோயில் நந்தி தலைகாட்டும். பழைய மாதாகோயிலின் இரட்டைக் கோபுரம் எழுந்து நிற்கும். அதைப் பார்க்கவும் கூட்டம் வரும், படம் பிடிக்கும், பட்டாணி தின்னும். நந்தியும் கோபுரமும் கல், ஆகவே நிற்கின்றன. சுற்றியிருந்த கூரை வீடுகள் கரைந்து போயின. அவற்றைப் பார்க்க எவரும் வருவதில்லை. நமக்கு மூன்று போகம் கனவு தந்த அணைக்காக, தம் முற்றத்தைத் தந்துவிட்டு மேடேறிப் போனவர்களின் பேரப்பிள்ளைகள் இன்னும் அந்தப் பக்கம் இருக்கிறார்கள். கடைமடை உழவன் ஒருமுறையேனும் அங்கே போய், அவர்களிடம் ஒரு வணக்கம் சொல்லி வரவேண்டுமென்பது என் ஆசை.

பவானி கூடுதுறை கடந்து, நொய்யல் வந்து சேரும் இடத்தைச் சொல்லாமல் போக மனமில்லை. திருப்பூரின் பனியன் உலகமெல்லாம் போயிற்று; சாயம் மட்டும் நொய்யலோடு போயிற்று. 1992இல் பாசனத்துக்கென்று கட்டிய ஒரத்துப்பாளையம் அணை சாயக்கழிவுத் தொட்டியானது. 2011இல் உயர்நீதிமன்றம் சாயப்பட்டறைகளையே மூடச் சொல்லும் நிலை வந்தது. உடுப்பவனுக்கு வண்ணம், உழுபவனுக்கு விஷம்.

திருச்சிக்கு வந்துவிட்டோம். முக்கொம்பில் ஆறு இரண்டாகப் பிரிகிறது: வடக்கே கொள்ளிடம், தெற்கே காவிரி. கொள்ளிடம் பள்ளம், தண்ணீர் பள்ளத்தைத்தானே நாடும்? சென்ற நூற்றாண்டுக்கும் முந்திய நூற்றாண்டின் தொடக்கத்தில் காவிரித் தலைப்பு மணல்மூடி, தஞ்சை காயத் தொடங்கியது. ஆர்தர் காட்டன் 1836இல் கொள்ளிடத் தலைப்பிலே மேலணை கட்டி நீரைத் திருப்பினார். ஆனால் அவருக்கு வாத்தியார் யார்? சிறிது கீழே கிடக்கும் கல்லணை! அடியிலே பாறை கிடையாது, ஆழம்வரை மணல். அந்த மணலிலே கல்லைப் போட்டு, புதையப் புதைய மேலும் போட்டு, களிமண் பூசி நிறுத்திய பழந்தமிழன் வித்தையைக் கண்டு, தளர்ந்த மணலிலும் அடித்தளம் இடலாமென்று அவர் தெளிந்தார். அந்தத் தெளிவு பின்னர் கோதாவரிக்கும் போயிற்று. ஆங்கிலேயப் பொறியாளன் தமிழன் கல்லிடம் பாடம் கேட்டான். கரிகாலன் பெயரை மேடைதோறும் முழங்குகிற நாம் அந்தக் கல்லிடம் எதையேனும் கேட்டோமா?

2018 ஆகஸ்ட் 22 இரவு. மேட்டூர் நிரம்பி வழிந்த ஆண்டு. முக்கொம்பிலே கொள்ளிடக் கதவணையின் ஒன்பது மதகுகள் சரிந்து வெள்ளத்தோடு போயின. அதே மாதத்தில் 1928இல் திறந்த பழைய கொள்ளிடப் பாலத்தின் தூண்களும் விழுந்தன. வயதாயிற்று என்றார்கள். வயது உண்மைதான். ஆனால் காலடி மண்ணைத் தோண்டிவிட்டுக் கிழவன் விழுந்தான் என்று சொல்வது எந்த ஊர் நியாயம்? ஆற்றுப் படுகை ஆள் உயரத்துக்கு மேல் இறங்கிய இடங்களை நீங்களே கண்டிருக்கிறீர்கள். தலைமதகு மேலே நிற்கிறது, ஆறு கீழே போகிறது. தண்ணீர் வந்தும் வாய்க்காலில் ஏறவில்லை!

மணல் என்றால் என்ன, தோழர்களே? வீடு கட்டும் பொருள் மட்டுமன்று. வெள்ளத்தைக் குடித்து, வடிகட்டி, கோடையிலே கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுக்கும் களஞ்சியம். இராமநாதபுரத்தான் குடிக்கும் குடிநீர் திருச்சிக்கருகே இந்த மணலுக்குள்ளிருந்து போகிறது. கொள்ளிடத்து நீர் வீராணத்தில் தேங்கி, 2004 முதல் சென்னைக்குப் போகிறது. இன்னொன்றும் சொல்வேன்: மணல்தான் ஏழையின் நாற்காலி. இந்த நாட்டில் எத்தனை பொதுக்கூட்டம் ஆற்று மணலிலே நடந்தது! மண்டபத்துக்கு வாடகை கொடுக்க வக்கில்லாத இயக்கங்கள், மணலிலே அமர்ந்துதான் மக்களோடு பேசின. பத்தாயிரம் பேர் அமரலாம். முன்வரிசை பின்வரிசை கிடையாது. மழைக்காலம் வந்தால் ஆறே கூட்டிப் பெருக்கி, அடுத்த கோடைக்குப் புது விரிப்பு போட்டு வைக்கும். அந்த விரிப்பைத்தான் இரவோடிரவாகச் சுருட்டிக்கொண்டு போகிறார்கள்.

சரி, அந்த மணலும் படித்துறையும் எல்லோருக்கும் இருந்தனவா? இங்கேதான் நம் பழம்பெருமை கொஞ்சம் தலைகுனிய வேண்டும். பல ஊர்களிலே, தண்ணீர் வரும் திசையில் மேலோர் துறை; தண்ணீர் போகும் திசையில் சேரித் துறை. ஒருவன் குளித்த அழுக்கு இன்னொருவனுக்குப் புனிதநீர்! ஓடும் நீருக்குச் சாதி ஒட்டாது, படிக்கட்டுக்கு ஒட்டவைத்தார்கள். இந்தச் சமவெளியின் நெல்லை விளைவித்தவனுக்கு நெல் மிஞ்சவில்லை. 1968 டிசம்பர் 25 இரவு, கீழ்வெண்மணியில், கூலி உயர்வு கேட்ட உழவுத் தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர், பெண்களும் குழந்தைகளுமே மிகுதி, ஒரு குடிசையிலே எரிந்துபோனார்கள். காவிரியின் வரலாறு எழுதுகிறவர்கள் கரிகாலனோடு தொடங்குகிறார்கள், தொடங்கட்டும். கீழ்வெண்மணியைத் தாண்டிப் போகக்கூடாது.

உச்சநீதிமன்றம் 2018 தீர்ப்பிலே ஒரு கோட்பாட்டைச் சொன்னது: மாநிலங்களுக்கிடையே ஓடும் ஆறு எந்த மாநிலத்துக்கும் தனிச்சொத்தன்று. ஒரு மாநிலத்துக்கே சொந்தமில்லாத ஆற்றங்கரையை, வேலி போட்டு, விடுதி கட்டி, வாயிலிலே காவலனை நிறுத்தி, “இது எங்கள் கரை” என்று சொல்ல ஒருவனுக்கு உரிமை எங்கிருந்து வரும்? பழைய துறையிலே சாதி கேட்டான். புதிய துறையிலே சீட்டுக் கேட்கிறான்.

இறுதியாக ஒரு குற்றத்தை ஒப்புக்கொள்கிறேன். “காவிரி நீர் வீணாகக் கடலில் கலக்கிறது” என்று நானே மேடையில் முழங்கியிருக்கிறேன், கைத்தட்டும் பெற்றிருக்கிறேன். பிறகு முத்துப்பேட்டை போனேன். அலையாத்திக் காட்டிற்குள் மீனவத் தோழர் ஒருவர் படகிலே அழைத்துப் போனார். “நல்ல தண்ணீர் வராத வருசம் இறாலும் இல்லை, நண்டும் இல்லை, மரமும் குட்டையாய் நிற்குது தோழர், உங்களுக்கு மிஞ்சினதுதான் எங்களுக்கு விதை” என்றார். கோடிக்கரைச் சதுப்பிலே பூநாரை வந்து இறங்குவதும் ஆறும் கடலும் கைகோக்கும் இடமாதலால்தான். ஆறு தள்ளாவிட்டால் கடல் தள்ளும். கடைமடைக் கிணற்றிலே உப்பு ஏறும். பூம்புகாரிலே போய்ப் பாருங்கள், குடகிலே குதித்துவந்த காவிரி, ஒரு வாய்க்கால் அளவாய் இளைத்துக் கடலைச் சேர்கிறது. அதையும் வீண் என்று நான் சொன்னேனே! அந்தச் சொல்லைத் திரும்பப் பெறுகிறேன். நீங்களும் மேடைகளில் சொல்லாதீர்கள். வெள்ளத்தைத் தேக்குங்கள், ஏரிகளைத் தூர்வாருங்கள். கடலுக்கும் மீனவனுக்கும் உரியதை வீண் என்று மட்டும் எழுதாதீர்கள்.

நேரமாகிறது, தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார். செய்தி ஒன்று பாக்கி. இவ்வூர்க் கிழக்குப் படித்துறையை இன்று மாலை பார்த்தேன். பாதிப் படி மண்ணுக்குள், மீதி, கருவேலமுள்ளுக்குள். மேற்குத் துறை செப்பனிட்டுப் பளிச்சென்று இருக்கிறது. கிழக்குத் துறைக்குத் தெருவிளக்குக்கூட இல்லை. ஏனென்று உங்களுக்குத் தெரியும். ஆடி 18க்கு இன்னும் பதினோரு நாள். லஸ்கரைக் கேட்டேன், தண்ணீர் வருமுன் நான்கு நாளாவது கிடைக்கும் என்கிறார். நாளைக் காலை ஆறு மணிக்கு நம் தோழர்கள் அந்தத் துறையிலே கூடுகிறார்கள். நானும் நாடகக் குழுவினரும் இங்கேயே தங்குகிறோம். கடப்பாரையும் மண்வெட்டியும் படிப்பகத்தில் இருக்கின்றன. கூடையும் அரிவாளும் வீட்டிலிருந்து கொண்டுவாருங்கள். மேற்குத் தெருத் தோழர்கள் முதலில் வந்து நிற்கவேண்டும் என்று சிறப்பாகக் கேட்டுக்கொள்கிறேன்.